பிலிப் அண்ணையின் வாயில் என் குரல்

செய்திப் படத்துக்குக் குரல் குடுக்கிற வேலையில ஒரேயொரு வசதி இருக்கு: ஏதும் பிழைச்சுப்போனால் சனம் கமராக்காரனைத்தான் தேடும், குரல்காரன்ர முகம் ஒருத்தருக்கும் தெரியாது. அந்த வசதியை நம்பித்தான் நானும் முப்பது வருசத்துக்குக் கிட்ட நிம்மதியா இருந்தனான்.

விளங்காதவைக்குச் சொல்லுறன். வன்னியில இயக்கத்தின்ர ஆட்சி நடந்த காலம். நீதிமன்றம், பொலிஸ், பாங்க், எல்லாம் அவையளே வைச்சு நடத்தினவை. மாதத்துக்கொருக்கா வீடியோவில ஒரு செய்திப் படமும் வரும். கரண்ட் கிடையாது. அதால உழவு மெசின் பெட்டியில ரீவியையும் ஜெனறேற்றரையும் ஏத்திக்கொண்டு சந்தி சந்தியாப் போய்க் காட்டுறது. படம் எடுக்கிறது குகன், எழுதி வாசிக்கிறது நான். "எழுச்சி", "மலர்ச்சி", "வீறுகொண்டு" எண்டு அடிவயித்தில இருந்து குரலை எடுத்து விளாசுவன். அப்ப எனக்கு மீசை கூட ஒழுங்கா முளைக்கேல்லை. குரல் மட்டும் நல்ல தடிப்பு.

இப்ப சிட்னியில, செவன் ஹில்ஸில, காருக்குப் பெயின்ற் அடிக்கிற ஒரு இடத்துக்குப் பின்னால எனக்கொரு சின்னக் கடை. சனி ஞாயிறு கலியாண வீடியோ. கிழமை நாளில பழைய கசெட்டுகளைப் பென் டிரைவுக்கு மாத்திக் குடுக்கிறது. கலியாண வீடியோ எடுக்கிறவையும், அதை ஆற்றையோ வீட்டில குந்தியிருந்து முழுசாப் பாக்க வேண்டி வந்தவையும் என்ர பாட்டை விளங்கிக்கொள்ளுவியள். உங்களை நம்பித்தான் இதை எழுதுறன்.

டெக் செத்த வீடு

ஜெசிந்தா அக்காவும் மகள் மெலனியும் ஒரு செவ்வாய்க்கிழமை வந்தவை. அக்கா மன்னார்ப் பக்கம். இப்ப என்ர கடையில இருந்து ரெண்டு றோட் தள்ளி இருக்கிறா. வயசுபோன ஆக்களைப் பராமரிக்கிற ஒரு இடத்தில குசினி வேலை. மகள் பாங்கில. அக்கா மரக்கறிப் பையுக்குள்ள இருந்து ஒரு கசெட்டை எடுத்து, சட்டை நுனியால துடைச்சு, மேசையில வைச்சா. "வீட்டில வீடியோ டெக் செத்துப்போச்சு தம்பி. இதைப் பிள்ளையின்ர போனில பாக்கிற மாதிரி மாத்தித் தாரும்" எண்டா. நான் தலையை ஆட்டிப்போட்டு மெசினில போட்டன். முதல் கொஞ்ச நேரம் ஆரோ ஒரு பிள்ளை பெரிசானதுக்குச் செய்த சாமத்தியவீடு. பிறகு திரை ஒருக்காக் கறுத்துது. பிறகு தவில் அடிச்ச மாதிரி ஒரு குரல். ஐயோ, என்ர குரல்!

படத்தில ஒருத்தர், ஒயில் பிரண்ட சாரத்தோட, மோட்டச்சைக்கிளுக்குப் பக்கத்தில நிக்கிறார். பெற்றோலுக்குத் தடை இருந்த காலம் அது. எங்கட ஆக்கள் மண்ணெண்ணெயில ஓடினவை. கண்ணுக்கு விடுற மருந்துப் போத்திலால ரெண்டு துளி பெற்றோல் விட்டு, உதைச்சு ஸ்ராட் எடுத்து, பிறகு மண்ணெண்ணெய்க்கு மாத்திறது. அந்த வித்தையைத்தான் அவர் காட்டுறார். வாய் அசையுது, கை அசையுது, சிரிக்கிறார். சத்தம் மட்டும் நான். "அவர்தான் என்ர மனுசன் பிலிப்" எண்டா அக்கா. மகளுக்கு ஒரு வயசு நடக்கேக்கை எல்லாரும் இடம்பெயர்ந்து போகினம். மோட்டச்சைக்கிள் திருத்திற தன்ர கராஜில விட்ட சாமான் பெட்டியை எடுத்துக்கொண்டு வாறன் எண்டு திரும்பிப் போனவராம். போனவர் போனவர்தான். இந்தக் கசெட்டை விட்டால் வேற ஒண்டுமில்லை. மெலனிக்குத் தேப்பன்ர குரல் எப்பிடியெண்டே தெரியாது.

அக்கா ரீவியைக் கைகாட்டினா. "உந்த அறிவிப்புக்காரன்ர சத்தத்தை எடுத்துப்போட்டு, அடியில கிடக்கிற இவரின்ர குரலை விடேலாதோ தம்பி? இவள் என்னட்டக் கேக்கிறது அது ஒண்டைத்தான்." அதுவரைக்கும் நான் ஓம், ம்ம் எண்டு முனகிக்கொண்டுதான் நிண்டனான். இப்ப வாயைத் திறக்க வேண்டி வந்திட்டுது. "இல்லை அக்கா, இது பிரதி. இதில அடியில ஒண்டுமில்லை" எண்டன். ரீவியிலயும் நான், ரீவிக்கு முன்னாலயும் நான். மெலனி ரெண்டு பக்கமும் மாறி மாறிப் பாத்துப்போட்டு, "அங்கிள், இஸ் தட் யூ?" எண்டா. அக்கா கோவிக்கேல்லை, கத்தவும் இல்லை. கசெட்டை மெசினுக்கையே விட்டுப்போட்டுக் கதிரையால எழும்பினா.

"அப்ப நீர்தானே அவற்ற வாயை மூடினனீர்? நீரே திறந்து விடும்."

சீனி கேட்ட மனிசி

ஏன் மூடினனீங்கள் எண்டு நீங்களும் கேப்பியள். தொடக்கத்தில நாங்கள் மூடேல்லை. முதல் எடுத்த படத்தில சனம் தானே கதைக்கட்டும் எண்டுதான் விட்டது. கூட்டுறவுக் கடையில நிவாரணத்துக்கு வரிசை. குகன் கமராவைத் தோளில வைச்சுக்கொண்டு நிக்கிறான், நான் மைக்கை நீட்டுறன். "பங்கீடு ஒழுங்கா நடக்குதோ அக்கா?" வரிசையில முன்னுக்கு நிண்ட மனிசி என்னை மேலயும் கீழயும் பாத்தா. "கேள்வி கேக்க வந்தனீர், கையில என்ன கொண்டு வந்தனீர்? உந்தத் தடியைத்தானே? அடுத்தமுறை ஒரு கிலோ சீனியோட வந்து கேளும், வடிவாச் சொல்லுறன்" எண்டா. சந்தியே விழுந்து விழுந்து சிரிச்சுது.

நாங்களும் அதைப் பெரிய கெட்டித்தனமா நினைச்சு, வெட்டாமல் கொள்ளாமல் படப்பிரிவுப் பொறுப்பாளருக்குப் போட்டுக் காட்டினம். மனுசன் முதலில எங்களை விடக் கூடச் சிரிச்சார். பிறகு எழும்பிப் போய் ஜன்னலைச் சாத்தினார். அவரை நான் கெட்ட மனுசன் எண்டு சொல்லமாட்டன், அவருக்கு மேலயும் ஆக்கள் இருந்தவை. ஆனால் அண்டையோட எங்கட படத்தில சனம் கதைக்கிறது நிண்டுபோச்சு. தையல்காரி, வாத்தியார், மீன்காரர், எல்லாரும் வாயை அசைப்பினம். சத்தத்தை நான் போடுவன். எனக்கு அது பெருமையாத்தான் இருந்தது, ஏன் பொய் சொல்லுவான்? அந்தச் சீனி மனிசியைப் போல இன்னும் எத்தினை பேர் என்னென்ன சொல்லியிருப்பினம் எண்டு இப்பதான் யோசிக்கிறன். பொறுப்பாளர் அண்டைக்குச் சொன்னது இதுதான்.

"சனத்தைக் காட்டுங்கோ தம்பியவை, கதையை நாங்கள் சொல்லுவம்."

லைட் இல்லாத சைக்கிள்

எந்த நேரமும் நாங்கள் முகத்தைத் தூக்கி வைச்சுக்கொண்டு திரிஞ்சதெண்டு நினைக்காதேங்கோ. ஒருக்கா இயக்கத்தின்ர பொலிசைப்பற்றி ஒரு துண்டு எடுக்கச் சொல்லி வந்தது. பின்னேரம் பொழுதுபடப் போறம். குகன் சைக்கிளை உழக்குறான், நான் முன் பாரில, மடியில கமராவின்ர முக்காலி. சந்தியில ஒரு பொலிஸ் பெடியன் கையைக் காட்டி மறிச்சான். லைட் இல்லையாம், ரெண்டு பேர் ஏறினதும் பிழையாம். "தம்பி, நாங்கள் உங்களைப்பற்றித்தான் படம் எடுக்கப் போறம்" எண்டு நான் செய்திப் படக் குரலிலேயே சொல்லிப் பாத்தன். பெடியன் அசையேல்லை. சைக்கிளை உருட்டிக்கொண்டு நடவுங்கோ எண்டு போட்டான். முக்காலியைத் தோளில வைச்சு நடந்ததில எனக்கு ரெண்டு நாள் கழுத்துத் திரும்பேல்லை.

அடுத்த நாள் அதே பெடியனைத்தான் கமராவுக்கு முன்னால நிப்பாட்டினவை. எங்களைக் கண்டவுடன முகம் சிவந்துபோச்சு, ஆனால் பின்வாங்கேல்லை. நல்லா நிமிந்து நிண்டு அவன் சொன்னதுக்கு மேலதான் நான் "சட்டத்தின் முன் அனைவரும் சமம்" எண்டு வாசிச்சு விட்டனான். அவனைப் பிறகு நான் ஒரு இடத்திலயும் காணேல்லை. அந்த மாதப் படத்திலேயே உருப்படியான ஒரே வசனம் அவன் சொன்னதுதான், அதையும் நான்தான் மூடினனான். அவன் கமராவைப் பாத்துச் சொன்னது இது.

"நேற்று இந்த அண்ணையாக்களும் லைட் இல்லாமல்தான் வந்தவை, அதையும் படத்தில சொல்லுங்கோ."

பச்சைச் சாறிப் பிள்ளை

ஜெசிந்தா அக்கா விட்டுப்போன கசெட்டை நான் திருப்பித் திருப்பிப் போட்டுப் பாத்தன். என்ன செய்தாலும் என்ர குரல்தான் வருது. ஒருநாள் அது கடை ரீவியில ஓடிக்கொண்டிருக்கேக்கை, தங்கச்சியின்ர கலியாண வீடியோவை வாங்க ஒரு மனிசி வந்தா. நேர்ஸ் வேலை முடிஞ்சு அந்த உடுப்போடயே வந்தவ. ரீவியைப் பாத்தவ அப்பிடியே நிண்டிட்டா. "அண்ணை, அது நான்" எண்டா. ஆர் எண்டு கேட்டன். அந்தச் சாமத்தியவீட்டில பச்சைச் சாறியோட நிக்கிற பிள்ளையைக் காட்டினா.

இதில ஒரு கதை இருக்கு. வன்னியில இருந்து கசெட்டை வெளியில அனுப்புறதெண்டால் ஆமிக் காவலைத் தாண்டவேணும். அவங்கள் பிடிச்சால் போட்டுப் பாப்பாங்கள். அதால வெளியில போற ஒவ்வொரு பிரதியிலயும் முன்னுக்குக் கொஞ்ச நேரம் ஒரு சாமத்தியவீட்டை ஏத்தி, மேலயும் "சாமத்தியவீடு" எண்டே எழுதி ஒட்டுறது. குகன் எங்கேயோ எடுத்து வைச்சிருந்த ஒரு பிள்ளையின்ர சாமத்தியவீட்டைத்தான் எல்லாத்துக்கும் போட்டது. லண்டன், ரொறொன்ரோ, பரிஸ், மெல்பேர்ண், எங்கட படம் போன இடமெல்லாம் அந்தப் பிள்ளைக்கு ஆலாத்தி எடுத்தவை. அவவின்ர வீட்டாருக்கு ஒருத்தரும் ஒரு சொல்லுச் சொல்லேல்லை. இருந்த ஒரே கசெட்டும் ஓட்டத்தில துலைஞ்சுபோச்சாம். அந்தப் பகுதியை உடன வெட்டிக் குடுத்தன். அவ படத்தில தாயின்ர முகத்தைப் பாத்துக் கண்ணைத் துடைச்சா. பிறகு சிரிச்சுக்கொண்டு கேட்டா.

"என்ர சாமத்தியவீட்டை உலகம் முழுக்கப் பாத்திருக்கு, என்னட்ட மட்டும்தானே அண்ணை கொப்பி இல்லாமல் போனது?"

கெல்லிவில் கேக்

அந்த நாளுகளில எனக்கு வாயைத் திறக்கவே பயமாக் கிடந்தது. அதுக்குள்ள கெல்லிவில்லில இருந்து ஒரு தமிழ்நாட்டுத் தம்பி வந்தார். கொம்பியூட்டர் வேலை, தங்கமான பிள்ளை. மகளின்ர முதலாவது பிறந்தநாள் வீடியோவை நான்தான் எடுத்தனான். "சார், உங்க வாய்ஸ் சும்மா கணீர்னு இருக்கு சார். இந்த வீடியோவுக்கு நீங்களே ஒரு கமெண்டரி குடுத்துடுங்களேன். பாப்பா பெருசாகி பார்க்கும்போது சூப்பரா இருக்கும்" எண்டு பிடிச்ச பிடியில நிண்டார். வேண்டாம் எண்டு எத்தினையோ தரம் சொல்லிப் பாத்தன். மனுசன் விடுறதாயில்லை.

மைக்குக்கு முன்னால இருந்தால் எனக்கு வேற குரல் வராது எண்டது அண்டைக்குத்தான் தெரிஞ்சுது. குடும்பத்தினர் அணியணியாகத் திரண்டனர். பலூன்கள் வீறுகொண்டு உயர்ந்தன. கேக் எழுச்சியோடு வெட்டப்பட்டது. நான் என்ன செய்ய, அப்பிடித்தான் வருது! அவரும் மனிசியும் சோபாவில இருந்து அமைதியாப் பாத்தவை. அவையின்ர குழந்தை பாதியில பயந்து அழத் தொடங்கிட்டுது. முடிய, அவர் என்ர மனம் நோகக் கூடாதெண்டு மெதுவாத்தான் கேட்டார்.

"எல்லாம் நல்லாத்தான் சார் இருக்கு, ஆனா கேக் வெட்டுறதுக்கு ஏன் சார் இவ்வளவு கோவம்?"

எல்லாத்துக்கும் ஒரே பேர்

ஜெசிந்தா அக்கா ரெண்டு தரம் ரெலிபோன் எடுத்திட்டா. இனிச் சாட்டுச் சொல்லேலாது. மெல்பேர்ணுக்கு வெளிக்கிட்டன். குகன் இப்ப ட்ருகனினாவில ஒரு பெரிய சாமான் கிட்டங்கியில ஃபோக்லிஃப்ற் ஓட்டுறான். கமராவைத் தொட்டு எத்தினையோ வருசம். பிள்ளையளின்ர பிறந்தநாளுக்குக் கூடப் படம் எடுக்கமாட்டான். கேட்டால், "என்ர கண்ணுக்கு இனி வேலை குடுக்கேலாது" எண்டுவான். வேலை முடிஞ்சு வந்து, காருக்குள்ள இருந்தபடியே நான் சொன்னதைக் கேட்டான். பிலிப் அண்ணையை அவனுக்கு உடன ஞாபகம் வந்திட்டுது. "மச்சான், கமராவில எடுத்த மூலக் கசெட் ஒண்டும் மிஞ்சேல்லை. கசெட்டுக்குத் தட்டுப்பாடு. ஒரு மாதம் எடுத்ததை அழிச்சுத்தானே அடுத்த மாதம் எடுத்தனாங்கள்" எண்டான்.

பிறகு அவனே கொஞ்ச நேரம் ஸ்ரியறிங்கைத் தட்டிக்கொண்டு யோசிச்சான். மெசின் வேலை எல்லாம் அந்தக் காலத்தில அவன்தான். நான் மைக்குக்கு முன்னால கத்திப்போட்டு எழும்பித் தேத்தண்ணி குடிக்கப் போறவன். அவன் சொன்னது இதுதான்: கசெட்டில சத்தத்துக்கு ரெண்டு பாதை இருக்கு. வெட்டி ஒட்டி முடிச்ச முதல் கசெட்டில அவன் என்ர குரலை ஒரு பாதையில மட்டும்தான் ஏத்தினவன். மற்றப் பாதையில கமரா கேட்ட சத்தம் அழியாமல் அப்பிடியே கிடக்கும். பிரதி அடிக்கேக்கை என்ர குரல் கிடக்கிற பாதையை மட்டும் எடுத்து அடிக்கிறது. அப்ப முதல் கசெட் கிடைச்சால் பிலிப் அண்ணையும் கிடைப்பார். "அந்த மாதத்து முதல் கசெட்டு எங்கயடா?" எண்டு கேட்டன். குகன் தலையில கையை வைச்சான். அந்த மாதம் பிரதியை அனுப்புறதெண்டு நினைச்சு, முதல் கசெட்டைத் தூக்கி மெல்பேர்ணுக்கு அனுப்பிப்போட்டான். அதில சாமத்தியவீடும் இல்லை, மறைப்பும் இல்லை. ஆமிக்காரன் அண்டைக்கு அலுப்பில கசெட்டைப் போட்டுப் பாக்காததாலதான் கொண்டு போனவன் தப்பினவன். அதுக்குக் குகன் வாங்கின பேச்சு கொஞ்சநஞ்சமில்லை. அப்ப பொறுப்பாளருக்குச் சொன்ன அதே மறுமொழியை எனக்கும் சொன்னான்.

"எல்லாத்துக்கும் சாமத்தியவீடு எண்டே எழுதினால் எது எதெண்டு ஆருக்குத் தெரியும்?"

அங்கிளின் கராஜ்

அந்தக் காலத்தில மெல்பேர்ணுக்கு வந்த கசெட்டுகளை டண்டினோங்கில பலசரக்குக் கடை வைச்சிருந்த ஒரு அங்கிள்தான் பிரதி எடுத்துக் குடுத்தவர். கடையை வித்து எத்தினையோ காலம். குகன் என்னைக் கூட்டிக்கொண்டு போனான். அங்கிள் கதவைப் பாதி திறந்துகொண்டு, "என்னட்ட ஒண்டுமில்லை. நான் அரிசி, பருப்பு வித்த மனுசன்" எண்டார். அவரைப் பிழை சொல்லேலாது. பிறகு வந்த காலத்தில இயக்கத்தின்ர பேரைச் சொல்லவே சனம் பயந்தது. நான் ஜெசிந்தா அக்காவின்ர கதையைச் சொன்னன். அவர் கதவை அதுக்கு மேல திறக்கேல்லை. உள்ளுக்குக் குசினியில நிண்ட அன்ரிதான், "கராஜில கிடக்கிற பெட்டியைக் காட்டுங்கோவன், அந்தப் பிள்ளை பாவம்" எண்டு சத்தம் போட்டா.

பழைய அரிசிச் சாக்குக்குப் பின்னால பெட்டி. அங்கிளின்ர பழைய டெக்கும் அதிலேயே கிடந்தது. ஒவ்வொண்டாப் போட்டுப் பாத்தம். பச்சைச் சாறிப் பிள்ளை வந்தால் பிரதி, எடுத்து அங்கால வை. பிறகும் பச்சைச் சாறி. பிறகும் பச்சைச் சாறி. குகன் தூசியில தும்மித் தும்மிக் களைச்சுப்போனான். சிலதில பூஞ்சணம் பிடிச்சு நாடா ஒட்டிப்போய்க் கிடந்தது. எனக்கு நம்பிக்கை விட்டுப்போன நேரம், ஒரு கசெட் சாமத்தியவீடு இல்லாமல் நேரா உழவு மெசினில தொடங்கிச்சுது. குகன் கத்தின கத்தலில அன்ரி அகப்பையோட ஓடி வந்தா. மற்றப் பாதையைக் கேக்க அந்த டெக்கில வசதி இல்லை. கசெட்டைத் துணியில சுத்திச் சட்டைக்குள்ள வைச்சுக்கொண்டு வெளிக்கிட்டன். அங்கிள் கேற் மட்டும் வந்து, றோட்டை ரெண்டு பக்கமும் பாத்துப்போட்டுச் சொன்னார்.

"ஆரும் கேட்டால், நான் முப்பது வருசமா வைச்சிருந்தது சாமத்தியவீடுதான் எண்டு சொல்லுங்கோ."

மற்றப் பாதை

ஜெசிந்தா அக்காவும் மெலனியும் நான் சிட்னி திரும்பின அடுத்த நாளே வந்திட்டினம். நானும் முன்னமே கேட்டுப் பாக்கேல்லை. அது எனக்குரிய குரல் இல்லை, முதலில அவையள்தான் கேக்கவேணும் எண்டு நினைச்சன். கடைக் கதவைப் பூட்டிப்போட்டு, மெசினில மற்றப் பாதைக்குரிய பொத்தானை அமத்தினன். காகம் கத்துற சத்தம். ஒரு நாய். குகன் இருமுறான். எங்கேயோ என்ர இளம் குரல், "கமராவைப் பாத்துக் கதையுங்கோ அண்ணை" எண்டுது. பிறகு அவர். மெல்லிய குரல், கொஞ்சம் மூக்கால வாற குரல், அவசரப்பட்ட குரல். "ஜெசி, பிள்ளையை உள்ளுக்குக் கொண்டு போம், புகை வரப்போகுது. தம்பி, நீரும் தள்ளி நில்லும், வெள்ளைச் சேட்டு." அவ்வளவுதான். எஞ்சின் பிடிச்சிட்டுது. அதுக்குப் பிறகு அவர் கதைச்சதெல்லாம் மோட்டச்சைக்கிள் சத்தத்துக்குள்ள போயிட்டுது.

மெலனி வாயைப் பொத்திக்கொண்டு இருந்தா. "அந்தப் பிள்ளை நான்தானே? அங்கிள், தட்ஸ் மீ, ரைட்?" எண்டு கேட்டா. ஓம் பிள்ளை எண்டன். "பிளே இட் அகெய்ன்" எண்டா. திருப்பிப் போட்டன். பிறகும் போட்டன். அழுதழுது சிரிச்சா. பிறகு, "இந்த இடத்துக்கு நீங்கள் என்ன சொன்னீங்கள் அங்கிள்?" எண்டு கேட்டா. சொல்ல மனமில்லை, ஆனால் மறைக்கவும் மனமில்லை. பொத்தானை மாத்தினன். அவர் பிள்ளையை உள்ளுக்குக் கொண்டு போகச் சொல்லுற அதே இடத்தில நான் முழங்குறன்: "புகை நடுவிலும் புன்னகை மாறாத எங்கள் மழலைகள்!" நிலம் பிளந்து என்னை விழுங்கக் கூடாதோ எண்டு கிடந்தது எனக்கு. மெலனி நல்ல பிள்ளை, என்ர தோளில தட்டினா.

அப்பதான் நாங்கள் ரெண்டு பேரும் ஜெசிந்தா அக்காவைப் பாத்தம். அவ அழேல்லை. சிரிக்கவும் இல்லை. நெத்தியைச் சுருக்கிக்கொண்டு ரீவியைப் பாத்தபடி இருந்தா. "இது அவரில்லை" எண்டா. "அம்மா, அவர் உங்கட பேரைச் சொல்லிக் கூப்பிடுறார்" எண்டு மெலனி பதறினா. "பேர் சரி பிள்ளை. ஆனால் அவற்ற குரல் தடிப்பு. நல்ல தடிப்பு. எனக்குத் தெரியாதே?" எண்டு அக்கா தன்ர கையாலேயே பொத்தானை அமத்தி இன்னொருக்காக் கேட்டா. கண்ணை மூடிக்கொண்டு கேட்டா. இருபத்தெட்டு வருசமா அந்தக் கசெட்டை அவ எத்தினை தரம் போட்டுப் பாத்திருப்பா, ஒவ்வொரு தரமும் பிலிப் அண்ணையின்ர வாய் அசைய அசைய நான்தானே கதைச்சுக்கொண்டிருந்தனான். அவ கண்ணைத் திறந்து என்னைப் பாத்தா. அந்தப் பார்வையில கோவம் இருந்திருந்தால் எனக்குச் சுகமா இருந்திருக்கும்.

"இவ்வளவு காலமும் நான் தனிய இருந்து அவரோட கதைக்கேக்கை எனக்கு மறுமொழி சொன்னது நீரே தம்பி?"

இப்ப ஜெசிந்தா அக்கா கடைக்கு ரெலிபோன் எடுத்தால் நான் ஒரு ஹலோவும் சொல்லாமல் என்ர மனிசியின்ர கையில குடுத்துவிடுவன், நான் வாயை மூடிக்கொண்டிருந்தால்தானே பிலிப் அண்ணை கதைக்கத் தொடங்கலாம்.